லத்தீன் அலமாரிக்கு ஒரு பொன்னாடை

யாரும் கேட்காத புத்தகங்களை, யாராவது கேட்டால் உடனே எடுத்துக் கொடுக்கும்படி வைத்திருப்பதுதான் என் தொழில். மாண்ட்ரியலில் ஒரு பல்கலைக்கழக நூலகத்தின் அரிய நூல் பிரிவில் லத்தீன் அலமாரிகள் என் பொறுப்பு. முன்னூறு, நானூறு வருடங்களுக்கு முன் ஐரோப்பாவில் வைத்தியரும் வக்கீலும் வானம் பார்த்தவரும் செடி பார்த்தவரும் தங்கள் வீட்டு மொழியை ஒதுக்கி வைத்துவிட்டு லத்தீனில் எழுதிக் குவித்தவை அவை. நூலகக் கவுண்டருக்குப் பின்னால் உட்கார்ந்து, வராத ஆளுக்காக வாசலைப் பார்த்துச் சம்பளம் வாங்கும் வாசகர்களே, நீங்களும் நானும் ஒரே ஜாதி. உங்களிடம் சொல்லாமல் யாரிடம் சொல்வேன்?

ஸ்கோப்

நகரை ஒட்டிய கர்க்லாண்டில் ஒரு கொலு. சுண்டல் கிண்ணத்தோடு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார் ஒரு ரிட்டயர்டு என்ஜினியர், கோயம்புத்தூர்க்காரர். என்ன வேலை என்று கேட்டார். சொன்னேன். லத்தீனா, அதில் என்ன ஸ்கோப் என்றார். எனக்கு இந்தக் கேள்வி பழக்கம், பதிலும் தயார். ஒரு போலந்துக்காரர் எழுதியதை ஓர் இத்தாலியர் படித்து, அதை ஓர் ஆங்கிலேயர் மறுத்து, மூவரும் ஒருவரையொருவர் பார்க்காமலே அறிவியலை வளர்த்தது இந்த மொழியில்தான் என்று மூச்சு விடாமல் சொன்னேன். சொல்லும்போதே எனக்குப் புல்லரித்தது. நான் படித்ததில் எனக்கு எப்போதும் கர்வம் உண்டு, அதை மறைக்க மாட்டேன்.

அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சுண்டலை முடித்தார். பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டார்: "அதெல்லாம் சரிம்மா, வேலை பர்மனன்ட்தானே?"

புது இயக்குநர்

என் வேலை பர்மனன்ட்தான். புத்தகங்களுக்குத்தான் அந்தப் பாக்கியம் இல்லை என்று போன குளிர்காலத்தில் தெரிந்தது. புதிதாக வந்த இயக்குநர் அம்மாள் என்னைக் கூப்பிட்டு உட்கார வைத்தார். மாணவர்கள் படிக்க மேசை போட இடம் இல்லை, லத்தீன் அலமாரிகளை நகருக்கு வெளியே உள்ள கிடங்குக்கு அனுப்பலாம் என்று யோசிக்கிறேன் என்றார். என்னை வேறு பிரிவுக்கு மாற்றுவார்களாம்.  கிடங்குக்குப் போகும் புத்தகத்தைக் கேட்டு எழுதிப் போட்டு, நாள் கணக்கில் காத்திருந்து வாங்க வேண்டும். பக்கத்தில் இருக்கும்போதே கேட்காத புத்தகத்தை அப்படி யார் கேட்பார்கள்?

அவர் கெட்டவர் இல்லை. ஏப்ரலில் ஒரு சனிக்கிழமை பொதுமக்களுக்கு அறையைத் திறந்து வை, எத்தனை பேர் வருகிறார்கள் என்று பார்த்துவிட்டு முடிவு செய்கிறேன் என்றார். நான் வாதாட வாயைத் திறந்தேன். அவர் பிரெஞ்சில் மென்மையாகச் சொன்னது இது: "நான் புத்தகங்களுக்கு எதிரி இல்லை. ஆனால் ஆளே வராத அறைக்காக நான் மேலிடத்தில் போய் என்ன பேசுவேன்?"

கை கழுவிய டாக்டர்

பழைய புத்தகத்தைத் தொட வெள்ளைக் கையுறை வேண்டும் என்று சினிமா பார்த்துப் பலர் நம்புகிறார்கள். வேண்டாம். கையுறை போட்டால் விரலுக்குத் தாளின் உணர்வே தெரியாது, கிழித்துவிடுவோம். சுத்தமாகக் கழுவித் துடைத்த கை போதும். ஆற்றுக்கு அக்கரையில் உள்ள லோங்கேயிலிருந்து வந்த ஓய்வுபெற்ற அறுவை மருத்துவர் ஒருவரிடம் இதைச் சொன்னேன். கை கழுவப் போனவர் போனவர்தான். வெகுநேரம் கழித்து, இரண்டு கைகளையும் மார்புக்கு நேராகத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, கதவை முழங்கையால் தள்ளித் திறந்தபடி வந்தார்.

அவர் கேட்டது உடற்கூறு நூல் ஒன்று. படங்களை அவரே பார்த்துக்கொண்டார். எழுத்தை நான் படித்துச் சொன்னேன். ஆசிரியர் தன் எதிரியைப் போட்டுத் தாளிக்கும் பக்கம் வந்தது. வாழ்நாளில் ஒரு பிணத்தைக்கூட அறுத்துப் பார்க்காத கழுதை, பழைய ஏட்டை நம்பி எலும்பை எண்ணுகிற மூடன் என்றெல்லாம் அழகான லத்தீனில் வசவு. இலக்கணம் பிசகாத வசவு. டாக்டர் கண்ணில் நீர் வரச் சிரித்தார். எனக்கும் என் அலமாரியை நினைத்துப் பெருமை தாங்கவில்லை. புறப்படும்போது கையைக் குலுக்கிச் சொன்னார்: "எங்கள் மருத்துவமனைக் கூட்டங்களை லத்தீனில் நடத்தியிருந்தால், நான் ஒன்றைக்கூடத் தவற விட்டிருக்க மாட்டேன்."

பிழையும் பழியும்

அந்தக் காலத்துப் புத்தகங்களின் கடைசியில் பிழைதிருத்தப் பட்டியல் இருக்கும். அதற்கு மேலே ஆசிரியர் ஒரு வணக்கம் போடுவார். அன்பார்ந்த வாசகரே, அச்சாகும்போது நான் ஊரில் இல்லை, அச்சுக்காரன் தூங்கிவிட்டான், நீங்களே பேனாவை எடுத்துத் திருத்திக்கொள்ளுங்கள் என்று. அலமாரி முழுக்க இந்தக் கதைதான்.

புத்தகங்களைச் செப்பனிடும் என் சகா லூசிக்கு ஒருநாள் இவற்றை வரிசையாகப் படித்துக் காட்டினேன். பசை காயும்வரை கேட்டுக்கொண்டிருந்த லூசி சொன்னாள்: "இத்தனை மேதைகளில் ஒருவருக்காவது 'தப்பு என்னுடையது' என்பதற்கு லத்தீன் தெரியவில்லையா?"

சனிக்கிழமை

நான் குடியிருப்பது பியர்ஃபோன் என்ற புறநகர்ப் பகுதியில். பக்கத்து வீட்டு ரஞ்சி அக்கா யாழ்ப்பாணத்துக்காரர், அங்குள்ள தமிழ்ச் சங்கத்தின் செயலாளர். அவரிடம், "அக்கா, வர்ற சனிக்கிழமை எங்க லைப்ரரில பழைய புத்தகம் எல்லாம் எடுத்து வெச்சுக் காட்டறோம். நாலு பேரைக் கூட்டிட்டு வாங்க" என்றேன். "ஓம் ஓம், அது எங்கட கடமையெல்லோ. நான் பாக்கிறன்" என்றார்.

அன்று மதியம்வரை வந்தவர்கள் கழிப்பறைக்கு வழி கேட்ட இரண்டு மாணவர்கள். இயக்குநர் மூலையில் நின்று கைக்கடிகாரத்தைப் பார்த்தார். நான் அவர் முகத்தைப் பார்க்கவில்லை. அப்போது மாடிப்படியில் பேச்சுச் சத்தம். பனிச்சேறு படிந்த பூட்ஸுக்கு மேலே பட்டுச்சேலைகள், வேட்டிகள், குழந்தைகள், ஒரு தட்டில் சந்தனம் குங்குமம், ஒரு வாளி நிறைய வடை. தமிழர்களிடம் புத்தகத்துக்காக வாருங்கள் என்றால் அது வெளியீட்டு விழா என்பதை நான் எப்படி மறந்தேன்? ஏதோ நான் ஒரு நூல் எழுதிவிட்டேன் என்று ஊரே திரண்டு வந்திருந்தது. ரஞ்சி அக்கா குத்துவிளக்கைத் தூக்கிக்கொண்டு எங்கே வைப்பது என்று தேடினார். நெருப்பு கூடாது, தின்பண்டம் கூடாது என்று நான் ஓடி ஓடிக் கெஞ்சினேன். விளக்கும் வாளியும் வாசல் காவலர் ஜோசப்பின் மேசைக்குப் போயின.

கொஞ்ச நேரத்தில் ஜோசப் கதவில் தலையை நீட்டினார். கையில் பாதி வடை. "மதாம், லத்தீன் எல்லா சனிக்கிழமையும் உண்டா?"

நூலாசிரியர் வரவில்லை

சங்கத் தலைவர் செல்வம் மாஸ்டர் பொன்னாடையும் வாழ்த்துரையுமாக வந்திருந்தார். "ஆசிரியர் நீங்கள் இல்லையோ? அப்ப ஆர்? வரேல்லையோ?" என்றார். மேசையில் திறந்திருந்தது ஒரு மூலிகை நூல். எழுதியவர் ஜெர்மனியில் ஏதோ சிற்றூர் வைத்தியர். "அவர் வர மாட்டார் சார். இறந்து நானூறு வருஷம் ஆச்சு" என்றேன். மாஸ்டரின் முகம் விழுந்துவிட்டது. பாவமாக இருந்தது. அவருக்கு ஆறுதலாக முதல் பக்கங்களைப் புரட்டிக் காட்டினேன். வைத்தியரின் நண்பர், வாத்தியார், மைத்துனர் என்று ஆளாளுக்கு ஒரு லத்தீன் செய்யுள் எழுதிப் புகழ்ந்திருக்கிறார்கள். அந்தக் காலத்தில் அப்படிச் சேர்க்காமல் புத்தகம் போட மாட்டார்கள் என்றேன்.

மாஸ்டர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு குனிந்தார். "எட, இது எங்கட அணிந்துரை எல்லோ! மச்சான் வரைக்கும் எழுதியிருக்கிறான்!" என்றவர் நிமிர்ந்து, தொண்டையைச் செருமி, பேசத் தொடங்கிவிட்டார். நூலாசிரியர் தவிர்க்க முடியாத காரணத்தால் இன்று நம்மிடையே இல்லை என்று தொடங்கினார். இயக்குநர் என் பக்கத்தில் வந்து நின்றார். நான் அவர் காதோரம் அதைப் பிரெஞ்சில் சொல்லிக்கொண்டே வந்தேன், மாஸ்டர் இப்படிச் சொல்லும்வரை. "இந்த மனுசன் வீட்டில ஒரு பாஷை கதைச்சு, ஊருலகத்துக்கு விளங்க வேணும் எண்டு இன்னொரு பாஷையில எழுதினவர். நாங்களும் வீட்டில ஒண்டு, வேலையில ஒண்டு, மூலைக்கடை டெபனோரில ஒண்டு எண்டு கதைக்கிற சனம். மொன்றியலில இவரை எங்களுக்கு விளங்காட்டி வேற ஆருக்கு விளங்கும்?" அதைச் சொல்ல எனக்குக் குரல் வரவில்லை. இத்தனை வருடம் நான் கொலுவிலும் கல்யாணத்திலும் சொல்லிச் சொல்லிப் புரியவைக்க முடியாததை, லத்தீனில் ஓர் எழுத்து தெரியாத மனிதர் ஒரு மூச்சில் சொல்லிவிட்டார். கைதட்டலில் கண்ணாடி அலமாரிகள் அதிர்ந்தன. புத்தகத்துக்குப் போர்த்த நூலக விதி இடம் தராததால், ஆசிரியர் சார்பில் என் தோளில் பொன்னாடை விழுந்தது. நான் அழுதேன். வெட்கமாக இல்லை, பெருமையாக இருந்தது.

விட்டுப் போனதைப் பிறகு இயக்குநருக்குச் சொன்னேன். அவர் குனிந்து அந்த வைத்தியரின் பக்கத்தைப் பார்த்தார். மாஸ்டரோ அடுத்த புத்தகத்துக்கும் வாழ்த்துரை சொல்லத் தொடங்கியிருந்தார். திங்கட்கிழமை காலை இயக்குநர் என் மேசைக்கு வந்து நின்றார். "மேசைகளுக்கு வேறு இடம் பார்த்துவிட்டேன். உன் அலமாரிகளைக் கிடங்குக்கு அனுப்பினால் அந்த மனிதர் அங்கேயும் வந்து பேசுவார்."

செத்த மொழி என்று சொல்லப்படும் ஒன்றைக் காப்பாற்ற நினைக்கும் சக ஊழியர்களே, தமிழர்களைத் தாராளமாகக் கூப்பிடுங்கள், பேச்சுக்கு இத்தனை நிமிடம்தான் என்று மட்டும் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.