கத்தரியின் நாலாவது படம்

கல்யாண வீடியோக்களை வெட்டி ஒட்டுவது அவர் பிழைப்பு. கடையில் எல்லாருக்கும் அவர் கத்தரி. வீட்டில் பெயர் சொல்லிக் கூப்பிட ஆள் இல்லை. லீவு நாளில் கேமராவைத் தன் அறைக்குள்ளேயே திருப்பி வைத்துக் குறும்படம் எடுப்பார். முதல் படத்தில் ஒன்பது நிமிடமும் ஒரு மூடிய கதவு. இரண்டாவதில் இரண்டு தட்டு, ஒரே ஆள். மூன்றாவதை ஒரு சின்ன அரங்கில் திரையிட்டபோது ஆறு பேர் வந்தார்கள். அதில் இரண்டு பேர் மின்விசிறிக்காக வந்தவர்கள். "நல்ல சோதனை" என்று ஒருவர் கை குலுக்கினார். யாருக்கு என்று அவர் சொல்லவில்லை.

உண்மையில் எல்லாப் படமும் அக்காவுக்குத்தான். அவள் தன் இஷ்டத்துக்குக் கல்யாணம் செய்துகொண்டவள். பதினோரு வருடத்துக்கு முன் அப்பா செத்த அன்று ஓடி வந்தவளை, "உள்ள வராதே" என்று சொல்லி, ஊரே பார்க்கக் கதவைச் சாத்தியவர் இவர்தான். அதோடு பேச்சு நின்றது.

போன வாரம் அக்கா மகள் செய்தி அனுப்பினாள். திங்கட்கிழமை அம்மாவுக்கு இதயத்தில் ஆபரேஷன். டாக்டர் எதையும் உறுதியாகச் சொல்லவில்லை.

கத்தரிக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. நேரில் போய் நிற்க முகம் இல்லை. தெரிந்தது படம் எடுக்க மட்டும்தான். கேமரா முன் உட்கார்ந்து எல்லாவற்றையும் கொட்டினார். அப்பா முகத்தைக்கூட உன்னைப் பார்க்கவிடாத பாவி நான், மன்னிச்சுடுக்கா என்று தேம்பினார். இரண்டு நாள் வெட்டி, ஞாயிறு காலை அனுப்பினார்.

மதியம் போன் வந்தது. அக்காவேதான்.

"என்னடா இது? பன்னிரண்டு நிமிஷமா வாயை வாயை அசைக்கிறே. ஒரு சத்தமும் இல்லையே?"

பழக்க தோஷம். கல்யாண வீடியோவில் முதல் வேலையே பேச்சை அணைப்பதுதான். அதன் மேல்தான் பாட்டு ஏறும். முப்பது வருடமாக அதைச் செய்த கை இதிலும் செய்துவிட்டது. தன் அழுகையைத் தானே கேட்கத் தைரியமில்லாமல், அவரும் படத்தை மட்டும் பார்த்தே வெட்டி முடித்திருந்தார்.

"நீ அழறது தெரியுது. என்ன சொன்னேன்னுதான் தெரியல. இப்பச் சொல்லுடா. நாளைக்குக் காலைல என்னை உள்ள கூட்டிட்டுப் போயிடுவாங்க."

கேமராவிடம் கொட்டிய வார்த்தைகளில் ஒன்றுகூட வாய்க்கு வரவில்லை. அந்தப் பக்கம் அக்கா மூச்சு வாங்குவது கேட்டது. அவள் காத்திருந்தாள்.

"சத்தம் சேர்த்து மறுபடி அனுப்புறேன்க்கா," என்றார்.



"சரிடா," என்றாள். "இருந்தா பாக்கறேன்."