ஜேர்மன் படத்தில் எங்கள் பஸ் தரிப்பு

சிட்னியின் மெரிலேண்ட்ஸில் என் ஜேர்மன் மொழிக்கு ஒரு வேலையும் இல்லை. அகதியாகப் பதினொரு வருடம் ஜேர்மனியில் இருந்தபோது கற்றது. இப்போது ஞாயிறு தோறும் ஜேர்மன் ஆவணப்படம் பார்ப்பதோடு சரி. காலநிலையும் அரசியலும் என்றால் விடமாட்டேன். மனைவிக்கு அது எரிச்சல்.

அப்படி ஒரு படத்தில் எங்கள் நகரசபை உறுப்பினர் அம்மையார் வந்தார். தேடினால், இன்னும் இரண்டு படங்களிலும் இருக்கிறார். ஆங்கிலத்தில் வாயைத் திறந்ததும் ஜேர்மன் குரல் மேலே ஏறிக்கொள்கிறது. மூன்றிலும் ஒரே பேச்சு. மேற்கு சிட்னியில் நிழலில்லாத பஸ் தரிப்புகளில் மக்கள் வாடுகிறார்கள், கூரையும் மரமும் வேண்டும். அவருக்குப் பின்னால் தெரிந்தது எங்கள் தெருமுனைத் தரிப்பேதான்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. போன தை மாதக் கோடை வெயிலில் அங்கேதான் என் மனைவி மயங்கி விழுந்தாள். முதியோர் இல்லத்தில் பிற்பகல் வேலை, இரண்டு மணி பஸ். அடுத்த கோடையும் வரப்போகிறது. ஊருக்கு உபதேசம் கேள்விப்பட்டிருக்கிறேன். இவர் கடல் கடந்தல்லவா செய்கிறார்!

சனிக்கிழமைகளில் அவர் கடைத்தெருவில் மேசை போட்டு மக்களைச் சந்திப்பார். போனைத் தூக்கிக்கொண்டு கிளம்பினேன்.

"இஞ்சாருங்கோ, சண்டை பிடிக்கக் கூடாது," என்றபடி மனைவியும் கூட வந்தாள்.

ஜேர்மன்காரருக்குச் சொன்னதை எங்களுக்கு ஏன் சொல்லவில்லை என்று படத்தைக் காட்டிக் கேட்டேன். அம்மையார் தன் முகத்தையே வியப்போடு பார்த்தார். பிறகு எங்கள் தெருவிலிருந்து வந்த முறைப்பாடுகளை வாசித்தார். குப்பைத் தொட்டி, கார் நிறுத்தம், நாய் குரைப்பு. படம் எடுக்க வந்தவர்கள் பஸ் தரிப்பைப் பற்றிக் கேட்டார்கள், இங்கே ஒருவரும் கேட்கவில்லை என்றார். எழுத்தில் தந்தால் சபையில் வைப்பாராம்.

நாய் குரைப்பு நான் கொடுத்தது. வெட்கமாகப் போய்விட்டது. சமாளிக்க ஏதோ சொல்லிக்கொண்டே பேனையை எடுத்தேன்.

"தள்ளுங்கோ. விழுந்தது நான், நானே எழுதுறன்," என்று மனைவி கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். அவள் முடிக்குமுன்பே, அதே பஸ்ஸில் போகிற மூன்று பெண்கள் பேனைக்குக் காத்து நின்றார்கள்.

கார்த்திகையில் கூரை வந்தது. மரம் இன்னும் வரவில்லை. கேட்டிருக்கிறோம்.