அலமாரியில் இருக்கும் அசல்கள்

நான் நான்காம் ஆண்டு மாணவர்களுக்குத் தொழிலாளர் சட்டம் நடத்துகிறேன். என் பத்தாம் வகுப்பு மதிப்பெண் பட்டியல் முதல் சட்ட முதுகலைப் பட்டம் வரை எல்லாவற்றின் அசல்களும் கல்லூரி அலுவலகத்தில் ஒரு பச்சை இரும்பு அலமாரிக்குள் இருக்கின்றன. இந்த இரண்டு வாக்கியங்களையும் ஒரே ஆள் கூச்சமில்லாமல் அடுத்தடுத்துச் சொல்ல முடியுமா என்று கேட்டால், எங்கள் ஆசிரியர் அறையில் எல்லோரும் சொல்வோம். தனியார் கல்லூரியில் சேர்ந்தால் அசல்களைக் கொடுத்துவிட வேண்டும். அதை யாரும் எழுதிக் கேட்பதில்லை. சேர்கிற அன்று அலுவலகக் கண்காணிப்பாளர் கையை நீட்டுவார், அவ்வளவுதான்.

நான் சேர்ந்த அன்று நைனாவும் கூட வந்திருந்தார். அப்பாவை நான் அப்படித்தான் கூப்பிடுவேன். என் சான்றிதழ் உறையைக் கண்காணிப்பாளர் உள்ளே வைத்துப் பூட்டியதைப் பார்த்ததும் நைனாவின் முகம் மலர்ந்துவிட்டது. வெளியே வந்ததும், "வாங்கி வெச்சிகினாங்கன்னா வேலை கெட்டின்னு அர்த்தம்மா" என்றார். அன்று சாயங்காலம் எங்கள் தெருவில் நாலு வீட்டுக்கு லட்டு போயிற்று. சட்டம் படித்த நானும் ஒன்று தின்றேன்.

நைனா சொன்னது ஒரு விதத்தில் சரிதான். எங்கள் கல்லூரியில் யாரையும் வேலையை விட்டு நீக்குவதில்லை. கல்வியாண்டு முடியும்போது சிலரை மட்டும் அலுவலகத்துக்குக் கூப்பிட்டு, சான்றிதழ் உறையைக் கையில் கொடுப்பார்கள். அடுத்த நாள் முதல் அவர்கள் வரமாட்டார்கள். ஆசிரியர் அறையில் "பாவம், கவர் வாங்கிட்டாங்க" என்று பேசிக்கொள்வோம். உறை உள்ளே இருக்கிற வரைக்கும் நமக்கு வேலை இருக்கிறது. அதனால்தான் அந்த அலமாரியை நாங்கள் திட்டவும் செய்வோம், போகிறபோது வருகிறபோது அது பூட்டியிருக்கிறதா என்று ஓரக்கண்ணால் பார்க்கவும் செய்வோம்.

இந்த ஆண்டு எனக்கு ஓர் அழைப்பு வந்தது. தொழிலாளர் துறையில் ஒரு பணிக்குத் தேர்வு எழுதியிருந்தேன். எழுத்துத் தேர்வில் தேறிவிட்டேன், சான்றிதழ் சரிபார்ப்புக்கு அசல்களுடன் சென்னைக்கு வரச் சொல்லியிருந்தார்கள். அரசு வேலை. இந்த வேலைக்குத்தான் படித்தேன் என்று கூடச் சொல்லலாம். அன்று கல்லூரிப் பேருந்தில் ஏறும்போது திருத்தணி மலைப் பக்கம் பார்த்து ஒரு கும்பிடு போட்டேன். எனக்கு அந்தப் பழக்கம் கிடையாது.

அசல்களைக் கேட்டதும் கண்காணிப்பாளர் பதறினார். "தாளாளர் சொன்னாத்தான் மேடம் சாவியையே எடுப்பேன். என்னை மாட்டி வுட்டுடாதீங்க" என்றார். தாளாளர் அறைக்குப் போனேன். ஒப்பந்தச் சட்டத்தின் முதல் பாடத்தில், சமமான இருவர் எதிரெதிரே உட்கார்ந்து தங்கள் விருப்பப்படி ஒரு முடிவுக்கு வருகிறார்கள் என்று சொல்லித் தருவோம். தாளாளர் அறையில் இருப்பது ஒரே நாற்காலி. நாங்கள் எல்லோரும் நின்றுகொண்டுதான் எங்கள் விருப்பங்களைத் தெரிவித்திருக்கிறோம்.

"இன்ஸ்பெக்ஷன் வருது மேடம். ஃபேகல்டி ஒரிஜினல் கேட்டா நான் எதைக் காட்டுவேன்? முடியட்டும், பார்த்துக்கலாம்" என்றார்.

"ஒரே நாள் சார். சாயங்காலம் கொண்டுவந்து கொடுத்துடறேன்."

"உங்க நல்லதுக்குத்தான் சொல்றேன். எங்ககிட்ட பத்திரமா இருக்கு" என்று சொல்லிவிட்டுக் கைப்பேசியை எடுத்தார். நான் வெளியே போகலாம் என்று அதற்குப் பொருள்.

அதற்கடுத்த வகுப்பில் கொத்தடிமை ஒழிப்புச் சட்டம். இதை நான் கதைக்காகச் சேர்க்கவில்லை, பாடத்திட்டத்தில் அன்றைக்கு அதுதான் வந்து தொலைத்தது. வேறு இடத்தில் வேலை தேடும் சுதந்திரத்தை ஒருவர் இழந்திருப்பது கொத்தடிமைத்தனத்தின் அடையாளங்களில் ஒன்று என்று பலகையில் எழுதினேன். முன் வரிசையில் உட்காரும் ஒரு பெண், எல்லாம் தெரிந்துகொண்டுதான் கேட்டாள். இந்த மாதிரிக் கல்லூரிகளில் சுவருக்கும் காது உண்டு.

"மேடம், ஒரு காலேஜ் டீச்சரோட சர்டிபிகேட்டை மேனேஜ்மென்ட் புடிச்சி வெச்சிகினா, லேபர் கோர்ட்டுக்குப் போலாமா?"

போக முடியாது என்றேன். ஆசிரியர் சட்டத்தின் பார்வையில் 'தொழிலாளி' அல்ல என்று நீதிமன்றங்கள் என்றைக்கோ சொல்லிவிட்டன, கற்பித்தல் உன்னதமான பணியாம், அதைத் தொழில் தகராற்றில் இழுக்கக் கூடாதாம் என்றேன். வகுப்பு சிரித்தது.

"அப்ப நீங்க யாரு மேடம்?"

தேர்வில் கேட்டால் இரண்டு பக்கம் எழுதுவேன். அன்று அடுத்த பிரிவுக்குப் போகலாம் என்று பக்கத்தைத் திருப்பினேன்.

மற்ற வழிகள் தெரியாமல் இல்லை. வக்கீல் நோட்டீஸ் அனுப்பலாம், உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போகலாம், காவல் நிலையத்தில் புகார் கொடுக்கலாம். இவற்றை வரிசையாகச் சொல்லித் தருவதற்குத்தான் எனக்குச் சம்பளம். ஆனால் பணி அனுபவச் சான்று தர வேண்டியவரும் அதே தாளாளர்தான். சுற்றுவட்டாரத்தில் உள்ள மற்ற தாளாளர்கள் கல்யாணப் பந்தியில் அவருக்குப் பக்கத்து இலையில் உட்காருகிறவர்கள். சட்டப் புத்தகத்தில் உரிமைக்கு ஒரு பிரிவு எண் இருக்கும். அந்தப் பிரிவைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தவள் அடுத்த நாள் எங்கே வேலை கேட்பாள் என்பதற்குப் பிரிவு எதுவும் இல்லை.

நகல்களில் சான்றொப்பம் வாங்கிக்கொண்டு, திருத்தணியில் மின்சார ரயில் ஏறினேன். அரக்கோணத்தில் கூட்டம் ஏறி நெருக்கியபோது அந்தக் கோப்பைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்துக்கொண்டேன். வெறும் ஜெராக்ஸ் நகல்கள், கசங்கினால்தான் என்ன.

சரிபார்த்த அதிகாரி என் வயதுப் பெண்மணி. நகல்களைப் புரட்டிவிட்டு அசல் எங்கே என்றார். சொன்னேன். பேனாவைக் கீழே வைத்தார்.

"லேபர் லா நடத்தறீங்க. நீங்களே ஏன் கொடுத்தீங்க?"

கேலியாகக் கேட்கவில்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ளக் கேட்டார். அதுதான் அதிகமாக வலித்தது. அசல் இல்லாமல் தன்னால் எதுவும் செய்ய முடியாது என்று சொல்லி, அடுத்தவரைக் கூப்பிட்டார். எனக்குப் பின்னால் நின்ற பையன் அசல்களைப் புது பிளாஸ்டிக் உறையில் போட்டு நெஞ்சோடு அணைத்துக்கொண்டிருந்தான். அவனைப் பார்த்து எனக்குப் பொறாமையாக இருந்தது.

திரும்பி வரும்போது யார் மீதென்று தெரியாமல் கோபம் பொங்கிக்கொண்டே வந்தது. வீட்டுக்கு வந்ததும் அது ஓரிடத்தில் போய் நின்றது. எங்கள் வீட்டுக்குப் பின்னால் தகரக் கொட்டகையில் நைனாவின் நாலு விசைத்தறி ஓடுகிறது. நகரிப் பக்கத்திலிருந்து வந்த ஒரு புருஷன் பெண்டாட்டி அங்கே வேலை செய்கிறார்கள். அவன் தறி ஓட்டுவான், அவள் நூல் சுற்றுவாள். கொட்டகையை ஒட்டிய அறையில்தான் குடியிருப்பு. அவர்களுடைய ஆதார் அட்டைகளும் ரேஷன் அட்டையும் நைனாவின் பீரோவில், வேட்டிகளுக்கு அடியில் இருக்கும். வந்த நாளிலிருந்து அங்கேதான் இருக்கின்றன. துணி எடுத்து வைக்கும்போதெல்லாம் நான் பார்த்ததுதான்.

அவற்றை எடுத்தேன். நைனா வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்.

"இத இன்னாத்துக்கு எடுக்கற?"

"அவங்களுது, அவங்ககிட்ட குடுக்கப் போறேன்."

"தொலைச்சிடுவாங்கம்மா. நம்மகிட்ட பத்திரமா கீது" என்றார். தாளாளரின் அதே வார்த்தை. இத்தனைக்கும் இவர் கெட்டவரில்லை. அவர்கள் பிள்ளைக்குக் காய்ச்சல் வந்தால் வண்டியில் வைத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகிறவர். நான் அட்டைகளோடு பின்பக்கம் போனேன்.

அவள் அடுப்பில் சோறு வைத்திருந்தாள். அட்டைகளை நீட்டியதும் வாங்காமல் என் முகத்தையே பார்த்தாள். அவள் புருஷன் தறியை நிறுத்திவிட்டு வந்து அவளுக்குப் பின்னால் நின்றான். சத்தம் நின்ற கொட்டகை என்னவோ போல் இருந்தது.

"நாங்க இன்னாக்கா தப்பு பண்ணோம்?" என்றாள்.

ஒரு தப்பும் இல்லை, உங்கள் பொருள் உங்களிடம் இருக்கட்டும், அதுதான் சட்டம் என்று விளக்கினேன். நன்றாகத்தான் விளக்கினேன், என் தொழில் அதுதானே. அவள் தலையை ஆட்டிக்கொண்டே கேட்டாள். கண்ணில் நீர் கட்டியிருந்தது.

"ஆங், சரிக்கா. அப்ப நாளைக்கு வேலைக்கு வரலாமா?"

"வரலாம். ஏன் கேக்கற?"

"அப்ப இது எதுக்குக்கா எங்களுக்கு? நைனாகிட்டயே இருக்கட்டும்" என்று அட்டைகளோடு என் கையை மூடி அழுத்தினாள். பிறகு அவள் புருஷனிடம் தெலுங்கில் ஏதோ சொன்னாள். அவன் போய்த் தறியை ஓட்டினான். எனக்கு அவள் மேல் ஆத்திரமாக வந்தது. இப்படி இருந்தால் எந்தச் சட்டம் வந்து என்ன செய்யும் என்று மனதுக்குள் திட்டிக்கொண்டே அவற்றைத் திரும்பவும் வேட்டிகளுக்கு அடியில் வைத்தேன்.

ஆடி பிறந்து, மலையில் காவடிக் கூட்டம் வந்து போன பிறகு, கல்லூரியில் இன்ஸ்பெக்ஷன் முடிந்தது. இரண்டு நாள் கழித்து, முதல் வகுப்புக்கு நான் கிளம்பும் நேரத்தில் அலுவலகத்துக்கு வரச் சொன்னார்கள். கண்காணிப்பாளர் மேசையில் என் உறை இருந்தது. ஓரம் பழுத்திருந்தது, மேலே என் பெயர் என் கையெழுத்திலேயே இருந்தது.

"கேட்டீங்களே மேடம். தாளாளர் குடுத்துடச் சொன்னாரு" என்றார்.

எத்தனையோ வாரமாக அதைத்தான் கேட்டுக்கொண்டிருந்தேன். கையை நீட்டி எடுக்க வேண்டியதுதான். ஆனால் சென்னையில் அந்த இடத்துக்கு வேறு ஆள் எடுத்துவிட்டார்கள். இந்த அறையில் உறை வாங்கியவர்கள் யாரும் மறுநாள் வந்து நான் பார்த்ததில்லை. நான் பேசுவது எனக்கே கேட்டது.

"சார், நாளைக்கு கிளாஸுக்கு வரலாமா?"

"என்ன மேடம் இப்படிக் கேக்கறீங்க? தாராளமா வாங்க" என்று அவர் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. உறையை எடுத்து, இரண்டு கையாலும் அவர் பக்கமே தள்ளி வைத்தேன்.

"அப்ப இங்கயே இருக்கட்டும் சார்" என்றேன். அவர் அலமாரியைப் பூட்டும் வரை நின்று பார்த்துவிட்டுத்தான் வகுப்புக்குப் போனேன்.