அண்ணன் கழுவச் சொன்ன கோப்பை

மூளை வளர்ச்சி குறைந்த என் அண்ணனை வாவிக்கரைப் பராமரிப்பு இல்லத்தில் சேர்த்தபோது சொந்தக்காரர் எல்லாரும் என்னைத் திட்டினார்கள். கூடப்பிறந்தவனைத் துரத்திவிட்டேனாம். திட்டியவர்களில் ஒருவரும் அவனை ஒருநாள்கூடக் குளிப்பாட்டியதில்லை. அம்மா போனபிறகு நான்தான் பார்த்தேன். வயல் வட்டையில் நெல் வேலைக்குப் போகும்போது அறையில் விட்டுப் பூட்டிவிட்டுப் போவேன். அடித்தும் இருக்கிறேன். அதை ஒளிக்கமாட்டேன்.

இல்லத்துப் பெண்கள் இரண்டே வருடத்தில் அவனைத் தானே குளிக்கவும் பல் தீட்டவும் பழக்கிவிட்டார்கள். எங்களுக்கு அப்படிப் பழக்கலாம் என்றே தோன்றவில்லை.

இந்த முறை சித்தாண்டிக் கோயில் திருவிழாவுக்கு அவனை மூன்று நாள் லீவில் கூட்டிவந்தேன். முதல் நாளே பெரியப்பாவும் சின்ன மாமாவும் சாப்பிட வந்தார்கள். கோப்பையில் சோற்றைப் பிசைந்தபடி பெரியப்பா தொடங்கினார்.

"இனி அவன அனுப்பாத மகள். ஊர் சிரிக்குது."

"நீங்க வெச்சிப் பாக்கிறீங்களா?"

"வாய்க்கு மட்டும் குறைச்சலில்ல."

வாய் பேசியது, உள்ளே ஆடிப்போனேன். நான் தள்ளிவிட்டதாகத்தான் அவனும் நினைக்கிறானோ? இங்கேயே இருக்கிறேன் என்று அவன் ஒரு சொல் சொன்னால் வீட்டிலேயே வைத்துக்கொள்வது என்று முடிவெடுத்தேன்.

சாப்பிட்ட கோப்பைகளை அப்படியே விட்டுவிட்டு இருவரும் எழும்பினார்கள். அண்ணன் வாசலில் குறுக்கே நின்றான். இல்லத்தில் அவரவர் கோப்பையை அவரவர்தான் கழுவ வேண்டும். கழுவாமல் ஒருவரும் வெளியே போக முடியாது.

"கழுவிட்டுப் போங்க."

பெரியப்பா என்னைப் பார்த்தார். "என்னகா சொல்றான் இவன்?"

"கோப்பையக் கழுவட்டாம்."

எழுபது வயதில் முதல்முறையாகப் பெரியப்பா கிணற்றடியில் கோப்பையோடு குந்தினார்.

"பின்பக்கமும்," என்றான் அண்ணன்.

சின்ன மாமா விழுந்து விழுந்து சிரித்தார். அடுத்தது தன்னுடைய முறை என்பது அவருக்கு உறைக்கவில்லை.

அவர்கள் போனதும் அண்ணன் தன் சாரனை மடித்துப் பையில் வைத்தான்.

"எங்க போறாய்?"

"வீட்ட."

"இதுதானே வீடு?"

"இது உன்ட வீடு. அங்க கோழிக்கு நான்தான் தீன் போடணும்."

"இன்னும் ரெண்டு நாள் லீவு கிடக்கு."

"கோழிக்குப் பசிக்கும்."

முதலில் எனக்குக் கோபம்தான் வந்தது. பிறகு பஸ்ஸில் அவனுக்குப் பக்கத்தில் இருந்து, வழி முழுக்க அழுதேன். அவன் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு வந்தான்.

படலையைத் திறந்த, இல்லத்துக்குப் பொறுப்பான அக்கா எங்களைக் கண்டு திகைத்தார். அண்ணன் தீன் வாளியை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போய்விட்டான். என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அதற்கும் சேர்த்து அந்த அக்காவுக்கு நன்றி சொன்னேன்.