தையல் மெஷின் முன்னால் ஒரு டைரக்டர்

காலை ஆறரைக்கு அவர் வாசிக்கத் தொடங்கும்போது, மனைவியின் தையல் மெஷின் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கும். பள்ளிச் சீருடைகள், நிறுத்த நேரமில்லை. டைரக்டர் பக்கத்தில் முக்காலி போட்டுக்கொண்டு காட்சியை வாசிப்பார். எந்த இடத்தில் அந்த அம்மாளின் கால் தானாக நின்றுவிடுகிறதோ, அந்த இடம் படத்தில் இருக்கும். ஓடிக்கொண்டே இருந்தால் வெட்டு. "நல்லாருக்குன்னு வாய் பொய் சொல்லும். கால் சொல்லாது" என்பார்.

மற்றவர்களுக்கு வசனம் எழுதியே பதினோரு வருஷம் பிழைத்தவர். அவருடைய கதாநாயகர்கள் பேசுகிற பேச்சில் வில்லன் அடி வாங்காமலே களைத்துப்போவான். வீட்டிலோ, உப்பு வேண்டுமென்றால்கூட விரலைத்தான் காட்டுவார். டைரக்டர் ஆனபிறகு, வசனம் எழுதிய தன்னையே யாரோ மூன்றாம் மனிதர் மாதிரி திட்டுவார்: "அந்தாளுக்கு வாயை மூடவே தெரியலப்பா." ஒன்பது படங்கள். விருதுகள் பரணில் கிடக்கின்றன. வெட்டிய பக்கங்களுக்குத்தான் வேலை: ஆட்டம் காணும் மெஷினின் குட்டைக் காலுக்கு அடியில் முட்டுக்கொடுக்கும். ஒன்று நசுங்கினால் இன்னொன்று வரும்.

பத்தாவது படத்துக்குத் தயாரிப்பாளர் ஒரே நிபந்தனைதான் போட்டார். ஓடிப்போன மகள் ஆறு வருஷம் கழித்து மழையில் வாசலில் வந்து நிற்க, அப்பா பேசும் ஒன்றரைப் பக்க வசனத்தில் கை வைக்கக்கூடாது.

"அத வெட்டினீங்கன்னா, படத்துக்கு நான் வேற ஆளப் பாத்துக்கறேன் டைரக்டரே."

"நாளைக்குக் காலைல வீட்டுக்கு வாங்க" என்றார் இவர்.

வந்தார். டைரக்டர் ஒரு வரி விடாமல் வாசித்தார். தயாரிப்பாளர் கைக்குட்டையை எடுத்தார். மெஷின் காலரை முடித்துவிட்டுப் பாக்கெட் தைக்கப் போயிருந்தது.

டைரக்டர் பென்சிலால் அத்தனையையும் அடித்தார். கொஞ்ச நேரம் மெஷின் சத்தத்தைக் கேட்டபடி உட்கார்ந்திருந்தார். பிறகு, மகளிடம் அப்பா சொல்வதுபோலச் சொன்னார்:

"சாரல் அடிக்குது. உள்ள வந்து கதவச் சாத்து."

மெஷின் நின்றது.

"என்னம்மா, நூல் அறுந்துபோச்சா?" என்றார் தயாரிப்பாளர்.

"இல்லண்ணே. அவ உள்ள வந்துட்டாளான்னு பாத்துக்கிட்டிருக்கேன்."

டைரக்டர் மனைவி பக்கம் திரும்பவில்லை. சட்டைக் காலரை மட்டும் சரிசெய்துகொண்டார். விருது மேடைகளில்கூடச் செய்யாத காரியம். அடித்த தாள்களை நாலாய் மடித்துக்கொண்டு மெஷினின் குட்டைக் கால் பக்கம் குனிந்தார்.

மெஷினின் அந்த மூலையைத் தூக்கிப் பிடித்தவர் தயாரிப்பாளர்.