மூன்று கட்டப் படம்

என் தையல் மெஷினுக்கு வந்த நான்கு பாபின்களைச் சுற்றியிருந்த ஜப்பான் படக்கதைத் தாள் அது. எண்பதுகளின் தொடக்கம். அதை அனுப்பியவர் மச்சான், என் மாமியின் மகன். கொழும்பில் ஒரு தையல் மெஷின் உதிரிப்பாகக் கடையில் வேலை செய்தார். ஜப்பானிலிருந்து வரும் பெட்டிகளில் சாமான்கள் உரசாமலிருக்கப் பழைய படக்கதைப் புத்தகங்களை அடைத்து அனுப்புவார்களாம். வெள்ளிக்கிழமை சம்மாந்துறையிலிருந்து என்னைப் பெண் கேட்டு வருகிறார்கள், உங்கள் முடிவு என்ன என்று அவருடைய தங்கை மூலம் எழுதியிருந்தேன். மருதமுனையில் எங்கள் வீட்டுக்கு வரும் கடிதம் எதையும் வாப்பா உடைக்காமல் விடமாட்டார். அதனால் பதில் இப்படி வந்தது. வியாழக்கிழமை பொதியைப் பிரித்த வாப்பா, "சீனாக்காரன்ட பேப்பர்" என்று தாளை என் பக்கம் தள்ளிவிட்டார்.

இடது ஓரக் கட்டத்தில் பூவிதழ்கள் கொட்ட, கோர்த்த இரண்டு கைகள். நடுவில் ஒரு பெண்ணின் கண்கள் மட்டும். உள்ளே வெளிச்சப் புள்ளிகள், ததும்பும் நீர். வலது ஓரத்தில் பையோடு ரயில் வாசலில் தனியாக ஒருவன். நம் சினிமாக் காதலர்கள் ஒன்றில் பாடுவார்கள், இல்லாவிட்டால் பேசியே கொல்லுவார்கள். இங்கே ஒரு சொல் இல்லை. ஆனாலும் எனக்கு விளங்கியது: சேர்ந்திருந்தோம், அழுதுகொள், நான் போகிறேன்.

மறுநாள் ஜும்ஆத் தொழுகை முடிந்து, பெண் கேட்டு வந்தவர்கள் விறாந்தையில் இருந்தார்கள். உம்மா குசினிக்குள் வந்து, "என்ன மகள், வாப்பா கேக்கச் சொன்னார். ஓம் எண்டு சொல்லட்டா?" என்றார். அழுகையை விடக் கோபம்தான் அதிகம். தாளை அடுப்புக்குள் தள்ளிவிட்டு, "ஓம்" என்றேன்.

சனிக்கிழமை விடிய மச்சான் ரயிலும் பஸ்ஸும் மாறி வந்திறங்கியதாகச் சொன்னார்கள். விடைபெற வந்திருப்பார் என்று நான் அறையை விட்டு வெளியே வரவில்லை. வீம்பு. அவர் பகல் பஸ்ஸிலேயே திரும்பிவிட்டார்.

முப்பது வருடங்களுக்குப் பிறகு உம்மா இறந்தபின் நடந்த கத்த ஓதலுக்கு நரைத்த தாடியோடு வந்தார். தேநீரைக் கொடுக்கும்போது வாய் சும்மா இருக்கவில்லை.

"போறதெண்டா வாயால சொல்லியிருக்கலாமே மச்சான். படத்திலயா சொல்ற?"

கோப்பையை வாங்காமல் என்னையே பார்த்தார். "ஆரு போற? ரயில் ஏறி வாறன், அழாத, கையப் பிடிப்பன் எண்டுதானே அனுப்பினன். அந்தப் புத்தகமெல்லாம் நாம குர்ஆன் ஓதுற பக்கத்தாலதான் பாக்கிற மச்சி."

படம்தானே என்று தமிழ் வாசிக்கும் பக்கத்திலிருந்து பார்த்திருக்கிறேன். அந்த வெள்ளிக்கிழமை, வலமிருந்து இடமாக விரல் வைத்துக் கஹ்ஃபு சூறாவை முழுதாக ஓதி முடித்துவிட்டுத்தான் நான் குசினிக்குள் போயிருந்தேன்.