சிப்பி போய்ப் பாலாடைக்கட்டி வந்தது

ஓதில் கெர்வெல்லா இருபத்திரண்டு வருஷமாகப் பாரிஸில் உட்கார்ந்துகொண்டு தொலைக்காட்சிக்குக் கொலை எழுதுகிறாள். சனிக்கிழமை இரவுப் படம், தொண்ணூறு நிமிஷம்: ஒரு பிணம், ஒரு பெண் போலீஸ் அதிகாரி, கடைசியில் ஒரு வாக்குமூலம். நாற்பத்தொரு பேரைத் தீர்த்துக் கட்டியாயிற்று. அதில் ஒன்றாவது அவள் கதையா? ஒரு மண்ணும் இல்லை. எல்லாம் சேனல்காரர்கள் கேட்டது.

அவளுடையது ஒன்றே ஒன்றுதான். பிரான்ஸின் மேற்குக் கடலோரம், பிரெத்தாஞ் கரையில் சிப்பி வளர்த்த அவள் அப்பா, கடல் வற்றிய நேரத்தில் சிப்பிப் பாத்திக்கு டிராக்டர் ஓட்டிப் போனவர், மூடுபனியில் ஏறிவந்த கடலோடு போய்விட்டார். கரையில் எச்சரிக்கைச் சங்கு ஊத வேண்டியவன் ஊதவில்லை. ஊரே அதை மூடி மறைத்தது. "நான் கண்ண மூடறதுக்குள்ள அத டிவியில பாத்துடணும்டி" என்று எண்பத்தாறு வயது அம்மா காத்திருந்தாள். ஆறு வருஷம் நாயாய் அலைந்து, பதினோரு தடவை திருத்தி, ஓதில் ஒருவழியாக அதைச் சேனலுக்கு விற்றுவிட்டாள்.

தயாரிப்பாளர் ழீல் மதியச் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டான். பிரெஞ்சுக்காரர்கள் சாப்பாட்டின் கடைசியில் பாலாடைக்கட்டித் தட்டு வரும்வரை வேலைப் பேச்சை எடுக்கக் கூடாதே! கோழியைப் பற்றிப் பேசினான், மழையைப் பற்றிப் பேசினான். தட்டும் வந்தது.

"கோவிச்சுக்காத ஓதில். கடல் போச்சு."

"போச்சுன்னா?"

"படத்துக்குப் பணம் தர முடியாதுன்னு கடற்கரை மாகாணம் கைய விரிச்சிடுச்சு. மலை மாகாணம் உதவித்தொகை தருது, ஆனா அங்கயேதான் எடுக்கணுமாம். அலைக்குப் பதிலா பனிச்சரிவு. சிப்பிக்குப் பதிலா..." கத்தி முனையில் இருந்த பாலாடைக்கட்டித் துண்டைத் தூக்கிக் காட்டினான். "இது!"

"எங்கப்பா என்ன மாடா மேச்சாரு? உனக்கு வெக்கமா இல்ல?"

"வேணும்னா உன் பேர எடுத்துடலாம். கதைய எடுக்க முடியாது, எழுதிக் குடுத்துட்ட. வேற ஆள் முடிச்சுடுவான்."

தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தாள். ஆனாலும் எவனோ ஒருவன் கையில் அப்பாவைக் கொடுக்க மனசு வரவில்லை. அவளே எழுதினாள். டிராக்டர் போயிற்று, சங்கு போயிற்று. புறப்படுமுன் அப்பா காப்பிக் கிண்ணத்தைக் கவிழ்த்து வைப்பாரே, அதை மட்டும் விட்டுவைத்தாள். இதுதான் அந்தக் கதை என்று அம்மாவிடம் சொல்ல வாய் வரவில்லை.

சனிக்கிழமை படம் முடிந்ததும் அம்மா போன் செய்தாள்.

"நல்லாத்தான் இருந்தது. பனியில போனானே, அவனும் உங்கப்பா மாதிரியே கிண்ணத்தக் கவுத்து வெக்கறான், பாத்தியா?"

"பாத்தேம்மா."

"சரி, அப்பா கதை எப்போடி வரும்? பக்கத்து வீட்ல கேட்டுக்கிட்டே இருக்காங்க."



"எழுதிக்கிட்டிருக்கேம்மா" என்றாள்.